ரிக்கில் ஏறியதும் முதலில் பி.ஓ.பி எங்கே என்று கேளுங்கள்

எண்ணெய் ரிக்கில் முதல் முறை கால் வைக்கிறவர்களின் கண் தானாக மேலே போய்விடும். வானத்தைத் தொடுகிற மாதிரி டெரிக் என்ற எஃகுக் கோபுரம், அதற்குள் ஏறி இறங்கும் பிளாக் என்ற கப்பித் தொகுதி, அதன் அடியில் குழாயைச் சுழற்றும் டாப் டிரைவ் மோட்டார், காதை அடைக்கும் சத்தம். எல்லாம் பார்க்க வேண்டியவைதான். ஆனால் ரவுஸ்டபவுட் என்ற எடுபிடி வேலையாளாகச் சேர்ந்து, ஃப்ளோர் என்ற வேலைமேடையில் டாங் என்ற பெரிய குழாய்க் குறடு பிடித்து, டெரிக்கில் ஏறி, அப்புறம் தோண்டுவதை இயக்கும் டிரில்லரின் நாற்காலிக்கு வந்தவன் என்ற முறையில் புதியவர்களுக்கு நான் இரண்டு கேள்விகளைத்தான் சொல்லித் தருகிறேன். கிணறு பீறிட்டால் அதன் வாயை அடைக்கும் பி.ஓ.பி (புளோஅவுட் பிரிவென்டர்) எங்கே நிற்கிறது? துளைக்குள் சுற்றவிடும் சேறு போன்ற திரவமான மட் இருக்கும் தொட்டிகளின் அளவை இந்த நிமிடம் யார் பார்த்துக்கொண்டிருக்கிறார்? தரையிலோ கடலிலோ, எந்த வகை ரிக்காக இருந்தாலும் இந்த இரண்டுக்கும் பதில் தெரிந்துவிட்டால் மற்றதெல்லாம் மெல்ல மெல்லப் பிடிபடும்.

தொங்குவது, சுழல்வது, ஓடுவது

ரோட்டரி டிரில்லிங்கில் ஒரே நேரத்தில் மூன்று வேலைகள் நடக்கின்றன. முதலாவது, குழாய்களின் மொத்தப் பாரத்தையும் தொங்கவிட்டுப் பிடிப்பது. டிராவொர்க்ஸ் என்ற பெரிய வின்ச்சிலிருந்து எஃகுக் கயிறு கிளம்பி, உச்சியில் இருக்கும் கிரவுன் பிளாக்குக்கும் கீழே அசையும் டிராவலிங் பிளாக்குக்கும் இடையே பல முறை சுற்றி வருகிறது. பத்து இழைகள் ஓடினால் ஒவ்வொரு இழையும் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்குப் பாரத்தைத் தாங்கும்.

பாறையை வெட்டும் முனையான பிட்டைக் கீழே அழுத்துவது ரிக் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. துளைக்குள் தொங்கும் குழாய்ச் சரத்தின் அடியில் டிரில் காலர் என்ற தடித்த, கனமான குழாய்களைச் சேர்த்திருப்பார்கள். அவற்றின் எடையில் ஒரு பங்குதான் பிட்டின் மேல் உட்காருகிறது. டிரில்லர் பிரேக்கை விட்டு விட்டுப் பிடிப்பார். அடி தொடாமல் தொங்கும்போது எடைமானி 120 டன் காட்டி, அடி தொட்டபின் 105 காட்டினால், பிட்டின் மேல் 15 டன் இருக்கிறது என்று கணக்கு. காலர்களுக்கு மேலே உள்ள மெல்லிய டிரில் பைப் எப்போதும் இழுவிசையில்தான் இருக்க வேண்டும். அது அழுத்தப்பட்டால் வளையும், வளைந்தபடி சுழன்றால் களைத்து உடையும்.

இரண்டாவது, சுழற்றுவது. பழைய முறையில் சதுரமோ அறுகோணமோ ஆன கெல்லி என்ற தண்டை ஃப்ளோரில் உள்ள ரோட்டரி டேபிள் சுழற்றும். அதில் ஒரு தடவைக்கு ஒரு குழாய், அதாவது ஒன்பது மீட்டர் சொச்சம்தான் தோண்ட முடியும். 1980களில் டாப் டிரைவ் வந்தபின் மூன்று குழாய்கள் சேர்ந்த ஸ்டாண்ட், சுமார் 28 மீட்டர், ஒரே மூச்சில் போகிறது. அதைவிடப் பெரிய லாபம், குழாயை மேலே இழுக்கும்போதே சுழற்றவும் மட் செலுத்தவும் முடிவது. துளை இறுகிப் பிடிக்கிற நேரத்தில் இது கிணற்றையே காப்பாற்றும். பிட் விஷயத்தில், ஹோவர்ட் ஹியூஸ் சீனியர் 1909-இல் காப்புரிமை பெற்ற உருளும் கூம்பு பிட் பாறையை நசுக்கி உடைக்கிறது. இன்று அதிகம் ஓடும் பி.டி.சி பிட்டில் அசையும் பாகமே கிடையாது. செயற்கை வைரத் தகடுகள் பாறையைச் சீவி எடுக்கின்றன.

மூன்றாவது, மட் ஓடுவது. மனதைக் கொடுக்க வேண்டிய இடம் இது. தொட்டியிலிருந்து பம்ப், பம்ப்பிலிருந்து ஸ்டாண்ட்பைப் என்ற நிற்கும் குழாய், ரோட்டரி ஹோஸ் என்ற வளையும் குழாய், டாப் டிரைவ், குழாயின் உட்புறம், பிட்டின் நாசில்கள் என்ற சிறு துவாரங்கள், பிறகு குழாய்க்கும் துளைச் சுவருக்கும் நடுவே உள்ள அன்யுலஸ் வழியாக மேலே, வெளியேறும் குழாயான ஃப்ளோலைன், பாறைத் துகளைச் சலித்தெடுக்கும் ஷேல் ஷேக்கர், மறுபடியும் தொட்டி. முதல் நாளே இந்த வழியை உங்கள் காலால் நடந்து பாருங்கள். ஒவ்வொரு வால்வுக்கும் அருகில் நின்று, இது திறந்தால் மட் எங்கே போகும் என்று டெரிக்கையும் மட் தொட்டிகளையும் பார்த்துக்கொள்ளும் டெரிக்மேனிடம் கேளுங்கள். படத்தைப் பார்த்துத் தெரிந்துகொண்டது இருட்டில் கைகொடுக்காது.

மட் பிட்டைக் குளிர்விக்கிறது, பாறைத் துகளைத் தூக்கிக்கொண்டு வருகிறது. இவற்றைவிட முக்கியம், பாறைக்குள் அடைபட்டுக் கிடக்கும் தண்ணீர், எண்ணெய், வாயு எதுவும் உள்ளே வராமல் தன் கனத்தால் தடுத்து வைக்கிறது. கணக்கு எளிது: அடர்த்தி (தண்ணீர் 1 என்று வைத்து) பெருக்கல் மீட்டரில் செங்குத்து ஆழம் பெருக்கல் 0.0981. பாரில் அழுத்தம் கிடைக்கும். 1.2 அடர்த்தியுள்ள மட் 3000 மீட்டர் ஆழத்தில் தரும் அழுத்தம் சுமார் 353 பார். அந்த ஆழத்துப் பாறை சாதாரண உப்புநீர் அழுத்தத்தில் இருந்தால் 315 பார் இருக்கும். நடுவில் உள்ள 38 பார்தான் நமக்கும் அபாயத்துக்கும் இடையே நிற்கும் முதல் சுவர். கனம் போதாவிட்டால் பேரைட் என்ற கனமான கனிமத் தூள் சேர்ப்பார்கள். சரி, நிறையப் போட்டுவிட்டால் என்ன என்று கேட்கலாம். பாறை பிளந்து மட் அதற்குள் ஓடிவிடும், துளையில் மட்டம் இறங்கும், அழுத்தம் குறையும், வேறொரு அடுக்கிலிருந்து வாயு உள்ளே வரும். அதனால்தான் ஒரே மூச்சில் அடிவரை போகாமல், நடுநடுவே கேசிங் என்ற எஃகு உறைக்குழாய் இறக்கி சிமென்ட் போட்டுவிட்டுச் சிறிய பிட்டால் தொடர்கிறோம். 17½ அங்குலத் துளையில் 13⅜ கேசிங், 12¼-இல் 9⅝, 8½-இல் 7 அங்குல லைனர் (மேலேவரை வராத கேசிங்). உலகம் முழுக்கப் பழக்கமான வரிசை இது.

கனெக்ஷன்: கை எங்கே இருக்க வேண்டும்

ஒரு ஸ்டாண்ட் தோண்டி முடிந்ததும் அடுத்ததைச் சேர்ப்பதுதான் கனெக்ஷன். அடியிலிருந்து குழாயை உயர்த்தி, சுழற்சியை நிறுத்தி, குழாய் முனையின் தடித்த இணைப்பான டூல் ஜாயின்ட் ஃப்ளோருக்கு மேலே வசதியான உயரத்துக்கு வந்ததும், குழாயைக் கவ்வித் தொங்கவிடும் ஆப்புகளான ஸ்லிப்ஸ் வைக்கிறோம். கைப்பிடி கொண்ட ஸ்லிப்ஸ் என்றால் உள்ளங்கை மேல்நோக்கி இருக்கும்படி பிடியுங்கள். ஸ்லிப்ஸ் திடீரென்று உள்ளே இறங்கினால் விரல் தானே நழுவி வெளியே வரும். மேலிருந்து அழுத்திப் பிடித்தவரின் விரல் கைப்பிடிக்கும் டேபிளுக்கும் நடுவே போகும். குழாய் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஸ்லிப்ஸைப் போட்டு அதை வைத்து நிறுத்துகிற பழக்கத்தை எங்கே கண்டாலும் மறுத்துவிடுங்கள். அது குழாயில் வெட்டுக்காயம் போடும், ஆளையும் முறிக்கும்.

ஸ்லிப்ஸ் பாரத்தை வாங்கிய பின் பம்ப்பை நிறுத்தி, அழுத்தத்தை வடித்துவிட்டு, இணைப்பைக் கழற்றுவார்கள். அந்த நேரம் ஷேக்கர் பக்கம் ஓர் ஆள் ஃப்ளோலைனைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். பம்ப் நின்றதும் ஓட்டம் கொஞ்ச நேரத்தில் அடங்க வேண்டும். ஒவ்வொரு கனெக்ஷனிலும் அது எவ்வளவு நேரத்தில் அடங்குகிறது என்று கவனித்து வையுங்கள். போன மூன்று தடவையை விட இந்தத் தடவை நேரம் நீண்டால் உடனே சொல்ல வேண்டிய சேதி அது.

அப்புறம் புதிய ஸ்டாண்டின் பின்னுக்கு (வெளி மரையுள்ள முனை) டோப் என்ற மசகு தடவி, பாக்ஸில் (உள் மரையுள்ள முனை) இறக்கி, திருகி, தேவையான டார்க் (முறுக்கு விசை) கொடுத்து இறுக்குகிறோம். இதைத் தானே செய்யும் அயர்ன் ரஃப்நெக் இயந்திரம் இருந்தால் ஆள் தள்ளியே நிற்கலாம். கைடாங் என்றால், டாங் சுழன்று வரக்கூடிய வட்டத்துக்குள் யாரும் நிற்கக் கூடாது. பாக்ஸின் விளிம்பில் கையை ஊன்றிக்கொண்டு மேலே பார்ப்பது புதியவர்களிடம் அடிக்கடி தெரிகிற பழக்கம். அந்தக் கைமேல்தான் டன் கணக்கில் எஃகு இறங்கப் போகிறது.

ட்ரிப் ஷீட்

கிணறு தோண்டும்போது எல்லோரும் விழிப்பாக இருப்பார்கள். பிட் மாற்றக் குழாயை வெளியே இழுக்கும்போதுதான், அதாவது ட்ரிப்பில்தான், அசந்துபோவார்கள். பல கிணறுகள் பிரச்சினை கொடுத்தது அங்கேதான்.

துளையிலிருந்து எஃகை வெளியே எடுத்தால் அந்த இடத்துக்கு மட் ஊற்ற வேண்டும். 5 அங்குல டிரில் பைப்பில் ஒரு ஸ்டாண்டின் எஃகு சுமார் 110 லிட்டர் இடத்தை அடைக்கிறது. ஐந்து ஸ்டாண்ட் இழுத்தால், இந்த அளவைப் பார்க்கவே வைத்திருக்கும் சிறு தொட்டியான ட்ரிப் டேங்கிலிருந்து சுமார் 550 லிட்டர் துளைக்குள் போயிருக்க வேண்டும். 350 மட்டும் போயிருந்தால் மீதி 200 லிட்டர் இடத்தை வேறு ஏதோ நிரப்பியிருக்கிறது. அது பாறைக்குள்ளிருந்துதான் வந்திருக்கும். ஊசிக் குழலில் பிஸ்டனை இழுப்பது போல, வேகமாக மேலே வரும் பிட் தன் அடியில் அழுத்தத்தைக் குறைத்து வாயுவை உறிஞ்சி எடுக்கும். இதை ஸ்வாப் என்கிறோம். குழாயை உள்ளே இறக்கும்போது நேர்மாறு: வேகமாக இறக்கினால் அழுத்தம் கூடிப் பாறை பிளக்கும்.

கடைசியில் காலர்கள் மேலே வரும்போது கணக்கே மாறிவிடும். 6½ அங்குலக் காலரில் ஒரு ஸ்டாண்டுக்கே 480 லிட்டர் போல வேண்டும். முடிந்துவிட்டது என்று எல்லோரும் கையுறையைக் கழற்ற நினைக்கும் நேரத்தில்தான் துளை மிக வேகமாகக் காலியாகிறது.

எனக்கு வேலை கற்றுத் தந்த டிரில்லர் ட்ரிப் ஷீட்டைக் கையால் எழுத வைப்பார். ஸ்டாண்ட் எண், போக வேண்டிய அளவு, போன அளவு, வித்தியாசம், இதுவரையான மொத்த வித்தியாசம். இன்றைக்கு எல்லாம் திரையிலேயே வருகிறது. இருந்தும் நான் எழுதுகிறேன், என்னிடம் பழகுகிறவர்களையும் எழுத வைக்கிறேன். எழுதுகிற கைக்குத்தான் இந்த வரி முந்தைய வரி மாதிரி இல்லையே என்று உறைக்கும். ஒருமுறை ஒட்டும் களிமண் பகுதியிலிருந்து இழுத்துக்கொண்டிருந்தபோது பிட்டைச் சுற்றிக் களிமண் உருண்டை கட்டிக்கொண்டது. எடைமானியில் பெரிதாக எதுவும் தெரியவில்லை. ட்ரிப் டேங்க் பக்கம் இருந்த டெரிக்மேன்தான் இரண்டு வரிகளின் வித்தியாசத்தைப் பார்த்துவிட்டு ஃபோன் செய்தார். நிறுத்தினோம், கிணறு தானாக ஓடுகிறதா என்று பார்க்கும் ஃப்ளோ செக் செய்தோம், கிணறு அசையவில்லை. அப்படியே மீண்டும் அடிக்கு இறக்கி, அடியிலுள்ள மட் மேலே வரும்வரை சுற்றவிட்டோம். சரியாகக் கணக்குப்போட்ட நேரத்தில் வாயு வந்து சேர்ந்தது. அவர் அந்த ஃபோனைச் செய்யாமல் இருந்திருந்தால் அந்த வாயு நாங்கள் எதிர்பார்க்காத நேரத்தில் வந்திருக்கும்.

அந்த நேரக் கணக்கும் சிக்கலில்லாததுதான். 8½ அங்குலத் துளையில் 5 அங்குலக் குழாய் இருந்தால் அன்யுலஸில் மீட்டருக்குச் சுமார் 24 லிட்டர் பிடிக்கும். 3000 மீட்டருக்கு 72,000 லிட்டர். பம்ப் நிமிடத்துக்கு 2000 லிட்டர் அனுப்பினால் அடியில் உள்ளது மேலே வர 36 நிமிடம்.

ட்ரிப் தொடங்கும் முன் ஃப்ளோரில் ஒரு சாமானைத் தேடிப் பாருங்கள்: முழுத் துளை அளவுள்ள சேஃப்டி வால்வு. அது திறந்த நிலையில் இருக்க வேண்டும், அதன் சாவி பக்கத்திலேயே தொங்க வேண்டும், காலரின் மரைக்குப் பொருந்தும் கிராஸ்ஓவர் என்ற இணைப்புத் துண்டு தயாராக இருக்க வேண்டும். குழாய்க்குள்ளிருந்து மட் பீறிட்டு வரும்போது மூடிய வால்வை அதன்மேல் வைக்கவே முடியாது. திறந்ததை வைத்து, திருகி, பிறகுதான் மூட முடியும்.

கிக் வந்தால்

பாறையிலிருந்து திரவமோ வாயுவோ கிணற்றுக்குள் புகுவதுதான் கிக். அதன் அறிகுறிகள்: வெளியே வரும் ஓட்டம் கூடுவது, தொட்டி மட்டம் ஏறுவது, பம்ப் நின்றபின்னும் கிணறு ஓடுவது, பிட் திடீரென்று வேகமாக இறங்குவது, பம்ப் அழுத்தம் குறைந்து ஸ்ட்ரோக் (பம்ப் அடிக்கும் வேகம்) கூடுவது. எதைப் பார்த்தாலும் டிரில்லரிடம் சொல்லுங்கள், தவறாக இருந்துவிடுமோ என்று தயங்க வேண்டாம். டிரில்லர் சுழற்சியை நிறுத்தி, டூல் ஜாயின்ட் பி.ஓ.பியின் ராம் என்ற மூடும் தாடைக்கு எதிரே வராதபடி குழாயை உயர்த்தி, பம்ப்பை நிறுத்திப் பார்ப்பார். ஓடினால் பி.ஓ.பியை மூடி, அழுத்தத்தைக் கட்டுப்படுத்தி வெளியேற்றும் சோக் லைனின் வால்வைத் திறந்து, அழுத்தங்கள் நிலைத்ததும் குறித்துக்கொள்வார். இதற்கு அவர் யாருடைய அனுமதிக்கும் காத்திருக்கக் கூடாது. ஒரு நல்ல டூல் புஷர் (டிரில்லருக்கு மேலான மேற்பார்வையாளர்) இதை ஷிஃப்ட் தொடங்கும்போதே எல்லோர் முன்னாலும் சொல்லிவிடுவார்.

பி.ஓ.பி என்பது வால்வுகளின் அடுக்கு. மேலே எந்த வடிவத்தையும் இறுக்கிப் பிடிக்கும் ரப்பர் வளையமான அன்யுலர். அதற்குக் கீழே குழாயைச் சுற்றி மூடும் பைப் ராம், குழாயையே வெட்டி மூடும் ஷியர் ராம். ராம் வகையை 1922-இல் ஜேம்ஸ் ஆபர்கிராம்பியும் ஹாரி கேமரனும் உருவாக்கினார்கள். அதற்கு முன்னால் நிலைமை எப்படி என்றால், 1901 ஜனவரியில் டெக்ஸாஸின் ஸ்பிண்டில்டாப்பில் ரோட்டரி முறையில் தோண்டிய கிணறு பீறிட்டபோது அடக்க ஒன்பது நாள் ஆயிற்று.

இப்போது ரிக் வகைகள்

தரை ரிக்கில் பி.ஓ.பி உங்கள் காலடியில், ஃப்ளோரைத் தாங்கும் சப்ஸ்ட்ரக்சருக்குள் இருக்கும். நடந்துபோய்த் தொட்டுப் பார்க்கலாம். லாரிமேல் ஏற்றிய சிறு மாஸ்ட், பாகம் பாகமாகக் கழற்றிக் கொண்டுபோகும் பெரிய ரிக், ஒரே மேடையில் ஒரு கிணற்றிலிருந்து அடுத்ததற்குத் தானே நகரும் வாக்கிங் ரிக், சாலையே இல்லாத இடத்துக்கு ஹெலிகாப்டரில் தூக்கிப்போகும் சிறு துண்டுகளால் ஆன ரிக் என்று உண்டு. வித்தியாசம் எல்லாம் நகர்த்துவதில்தான், தோண்டுவதில் இல்லை. சதுப்பிலும் ஆழமில்லாத நீரிலும் அடியில் உட்கார்ந்துகொள்ளும் பார்ஜ் ரிக்கையும் இந்தக் கணக்கிலேயே சேர்த்துவிடலாம்.

ஜாக்கப் என்பது மிதந்து போய், கால்களைக் கடலடியில் ஊன்றி, உடம்பைத் தண்ணீருக்கு மேலே தூக்கிக்கொள்ளும் ரிக். பெரும்பாலும் மூன்று கால். நூறு, நூற்றிருபது மீட்டர் நீர் ஆழம்வரை சாதாரணம், பெரியவை 150 மீட்டர் வரை போகும். இதில் எனக்கு மிகவும் மரியாதை உள்ள நேரம் பிரீலோட். தொட்டிகளில் கடல்நீரை நிரப்பி, புயலில் வரக்கூடிய பாரத்தை முன்கூட்டியே கால்களின் மேல் ஏற்றிப் பார்க்கிறார்கள். மேலே கெட்டி மணல், அடியில் மெல்லிய களிமண் என்று இருந்தால் ஒரு கால் திடீரென்று துளைத்துக்கொண்டு இறங்கிவிடலாம். அதனால் அந்தச் சமயத்தில் உடம்பை நீர் மட்டத்துக்கு ஒட்டியே வைத்திருப்பார்கள், தேவையில்லாத ஆட்களை இறக்கிவிடுவார்கள். நின்றுவிட்ட பிறகு ஜாக்கப் தரை ரிக் மாதிரிதான். பி.ஓ.பி தண்ணீருக்கு மேலே, தொட்டி மட்டம் ஆடாமல் இருக்கும், உங்கள் ட்ரிப் ஷீட்டை நம்பலாம். நிலையான பிளாட்ஃபாரத்தின் மேல் உள்ள ரிக்குக்கும் இதுவே பொருந்தும்.

மிதக்கும் ரிக்குக்குப் போனால் எல்லாம் மாறிவிடுகிறது. செமி சப்மெர்சிபிள் நீருக்கு அடியில் முழுகிய பான்டூன் என்ற மிதவைகளின் மேல் தூண்களை வைத்து நிற்கிறது. அலை மேல்மட்டத்தில் மெல்லிய தூண்களை மட்டும் அடிப்பதால் ஆட்டம் குறைவு. அடியில் உட்காரும் வகையாகக் கட்டியிருந்த புளூ வாட்டர் நம்பர் 1 என்ற ரிக், பாதி முழுகி மிதக்கும்போதே நன்றாக நிலைத்து நிற்பதைப் பார்த்து, 1960களின் தொடக்கத்தில் மிதக்கும் ரிக்காக மாற்றியதிலிருந்து இந்த வகை வளர்ந்தது. டிரில்ஷிப் கப்பல்தான். நடு வயிற்றில் மூன்பூல் என்ற திறப்பு, அதன் மேல் டெரிக். சாமான் நிறைய ஏற்றலாம், தானே வேகமாகப் பயணம் போகலாம், செமியை விட அதிகம் ஆடும். நங்கூரம் எட்டாத ஆழத்தில் இரண்டும் த்ரஸ்டர் என்ற உந்து விசிறிகளை இயக்கி, செயற்கைக்கோள் குறிப்பைக் கொண்டு இடத்தில் நிற்கின்றன. 3000 மீட்டருக்கு மேலான நீரிலும் இப்படித் தோண்டுகிறார்கள்.

இங்கே பி.ஓ.பி கடலடியில். அதற்கும் ரிக்குக்கும் நடுவே ரைசர் என்ற பெரிய குழாய், அதன் தலையில் அலையோடு நீண்டு சுருங்கும் ஸ்லிப் ஜாயின்ட். ரிக் ஏறி இறங்கும்போதெல்லாம் ரைசரின் கொள்ளளவு மாறுகிறது, ஃப்ளோலைன் ஓட்டம் கூடிக் குறைகிறது, தொட்டி மட்டம் ஆடுகிறது. தரையில் பளிச்சென்று தெரியும் கிக் இங்கே அலைக்குள் ஒளிந்துகொள்ளும். அதனால் ஒரே அளவைப் பார்க்காமல் பல நிமிடப் போக்கைப் பார்க்கப் பழக வேண்டும்.

இன்னொன்று, அவசரத்தில் ரைசரைக் கழற்ற நேர்ந்தால் அதிலிருந்த மட்டின் கனமும் போய்விடும். 1500 மீட்டர் நீரில் 1.3 அடர்த்தி மட் இருந்த இடத்தில் 1.03 அடர்த்தியுள்ள கடல்நீர் வந்தால் கிணற்றின் மேல் சுமார் 40 பார் குறைகிறது. அந்தக் குறைவைத் தாங்குமா என்று முன்னாலேயே கணக்குப் பார்த்து வைக்க வேண்டும். தாங்காது என்றால் கடலடி பி.ஓ.பி மட்டுமே காவல்.

2010 ஏப்ரல் 20 அன்று டீப்வாட்டர் ஹொரைசன் என்ற ரிக் நின்றது ஏறக்குறைய அந்த 1500 மீட்டர் நீரில்தான். கிணறு பீறிட்டு வெடித்து 11 பேர் இறந்தார்கள். பிரஷர் டெஸ்ட் காட்டியதைத் தவறாகப் புரிந்துகொண்டது பெரிய காரணம் என்று விசாரணைகள் சொல்லின. எனக்கு உறுத்துவது இன்னொரு விவரம். அன்று பகலில் பக்கத்துக் கப்பலுக்கு மட் திரவத்தை மாற்றிக்கொண்டிருந்தார்கள், தொட்டிக்குத் தொட்டியும் மாற்றினார்கள். அதனால் போனது எவ்வளவு, வந்தது எவ்வளவு என்று பார்ப்பது கடினமாகிவிட்டது. கிணறு ஓடுவதைக் கண்டு பி.ஓ.பியை மூடப் போனபோது எண்ணெயும் வாயுவும் அதைத் தாண்டி ரைசருக்குள் ஏறிவிட்டிருந்தன.

எனவே மிதக்கும் ரிக்கில் முதல் ஷிஃப்டில் கேளுங்கள்: ரிக் கிணற்றுக்கு நேரே இருந்து எத்தனை மீட்டர் விலகினால் மஞ்சள் எச்சரிக்கை, எத்தனை மீட்டரில் சிவப்பு, சிவப்பு வந்தால் ரைசரைக் கழற்றும் பட்டனை அழுத்துவது யார், வாயு ரைசருக்குள் வந்துவிட்டால் அதை வெளியே திருப்பிவிடும் டைவர்ட்டர் எந்தப் பக்கம் திறக்கும், அந்தப் பக்கம் காற்று எப்படி வீசுகிறது. தொட்டி மாற்றுகிற வேலை உங்கள் கையில் வந்தால், எந்தத் தொட்டி, எவ்வளவு, எத்தனை மணிக்கு என்று டிரில்லருக்கும், மட் அளவுகளைப் பதிவு செய்யும் மட் லாகருக்கும் சொல்லி, அவர்கள் குறித்துக்கொண்டோம் என்று பதில் சொன்ன பிறகு வால்வைத் திறங்கள். மூடியதும் மறுபடி ஒரு ஃபோன் செய்து புது அளவைச் சொல்லுங்கள்.